மரநாய் நாயல்ல, முள்ளெலி எலியல்ல: விலங்குப் பெயர்களைப் படிப்பது எப்படி?

கேள்வி இது: மரநாய், நீர்யானை, கழுதைப்புலி, காட்டெருமை என்று நாம் வழங்கும் பெயர்கள் உயிரியல் கணக்கில் எதைக் குறிக்கின்றன? பெயரை வைத்து ஒரு விலங்கின் இனத்தைக் கண்டுபிடிக்க முடியுமா?

ஓரளவு முடியும். பெயரை இரண்டாகப் பிரித்து முன்பாதியை நம்புங்கள். பின்பாதியைச் சோதிக்காமல் நம்பாதீர்கள். மரநாய் மரத்தில் வாழ்வது உண்மை, நாய் என்பது பொய். நீர்யானை நீரில் கிடப்பது உண்மை, யானை என்பது பொய். முன்சொல் கண்ணால் பார்த்ததைச் சொல்கிறது: எங்கே இருக்கிறது, என்ன நிறம், உடம்பில் முள்ளா வரியா. பின்சொல் ஒப்பிட்டதைச் சொல்கிறது: ஏற்கெனவே தெரிந்த எந்த விலங்கு அந்த நேரத்தில் நினைவுக்கு வந்தது. பார்த்ததில் பிழை குறைவு. ஒப்பிட்டதில்தான் தவறு நேர்கிறது, ஏனென்றால் உருவம் ஒத்துப்போனால் உறவும் இருக்கும் என்று சொல்ல முடியாது.

பிரிக்க முடியாத ஒற்றைச் சொற்களுக்கு இந்தச் சிக்கலே கிடையாது. கீரி, உடும்பு, அழுங்கு, ஓங்கில் (டால்ஃபின்), கணவாய், கறையான் இவை எதையும் எதோடும் ஒப்பிடுவதில்லை. அதனால் பொய் சொல்வதுமில்லை. கறையானை ஆங்கிலேயர் 'வெள்ளை எறும்பு' என்றார்கள். உண்மையில் அது எறும்புக்கு நெருங்கிய சொந்தம் இல்லை. கரப்பான் பூச்சி வரிசைக்குள்ளேயே அடங்குவது (வரிசை என்றால் பல குடும்பங்கள் சேர்ந்த பெருந்தொகுதி). கணவாயை அவர்கள் மீன் என்றார்கள். அது நத்தைக்கும் சிப்பிக்கும் உறவான மெல்லுடலி. தமிழ்ப் பெயர்கள் இரண்டுமே அந்த வம்பில் மாட்டவில்லை. பழைய ஒற்றைப் பெயர் ஒன்று கிடைக்கும்போது அதை விட்டுவிட்டுப் புதிதாகக் கூட்டுச்சொல் செய்வது பெரும்பாலும் நஷ்டம்தான்.

கூட்டுப் பெயர்கள் எவ்வளவு தூரம் திசைமாற்றும் என்பதற்கு மூன்று சோடிகள் போதும். ஒவ்வொன்றிலும் பெயர்கள் தலைகீழாக அமைந்திருக்கின்றன.

முதல் சோடி மரநாயும் கடற்சிங்கமும். ஊனுண்ணி வரிசை இரண்டு பெரும் கிளைகளாகப் பிரிகிறது. ஒன்று பூனைக் கிளை: பூனை, புலி, சிங்கம், கீரி, கழுதைப்புலி, மரநாய், புனுகுப்பூனை. மற்றது நாய்க் கிளை: நாய், நரி, கரடி, நீர்நாய், கடல்நாய், கடற்சிங்கம். ஆகவே நாய் என்று பெயர் வைத்த மரநாய் சிங்கத்துக்கு நெருக்கம். சிங்கம் என்று பெயர் வைத்த கடற்சிங்கம் நாய்க்கு நெருக்கம். இதில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. மரநாயும் புனுகுப்பூனையும் ஒரே குடும்பம். ஒரே வீட்டுப் பிள்ளைகளில் ஒன்றை நாய் என்றும் மற்றதைப் பூனை என்றும் அழைக்கிறோம். இரண்டில் பூனை என்ற பெயர்தான் உறவுக்குக் கொஞ்சம் பக்கத்தில் வருகிறது, அதுவும் தற்செயலாக.

இந்தக் கிளைப் பிரிவு எதை வைத்துச் செய்யப்பட்டது என்று கேட்டால், மண்டையோட்டைக் கவிழ்த்துக் காதுப் பக்கம் பாருங்கள். நடுக்காதை மூடிய எலும்புக் குமிழி ஒன்று இருபுறமும் புடைத்திருக்கும். நாய்க் கிளையில் அந்தக் குமிழிக்குள் ஒரே அறை. பூனைக் கிளையில் பெரும்பாலும் உள்ளே ஒரு தடுப்புச்சுவர் ஓடி இரண்டு அறையாகப் பிரிந்திருக்கும். உயிரோடிருக்கும் விலங்கின் முகத்தையும் வாலையும் எவ்வளவு நேரம் உற்றுப் பார்த்தாலும் இது தெரியாது. பிற்காலத்தில் வந்த மரபணு ஆய்வுகளும் இதே பிரிவைத்தான் உறுதி செய்தன.

கழுதைப்புலி இந்தக் கணக்கில் சுவையான இடத்தில் நிற்கிறது. ஓடும் விதம், மோப்பம், நீண்ட முகம் எல்லாம் நாயை நினைவூட்டும். காதும் பிடரியும் கழுதையை. உடம்பு வரி புலியை. ஆனால் அது மூன்றுமே அல்லாத தனிக் குடும்பம், பூனைக் கிளையைச் சேர்ந்தது. கீரிதான் அதற்கு நாயைவிட நெருங்கிய சொந்தம். அந்தக் குடும்பத்தில் இன்று உலகில் 4 இனங்களே உயிரோடு உள்ளன. இந்தியாவில் இருப்பது வரிக் கழுதைப்புலி ஒன்றுதான். நான்கில் ஒன்றான ஆர்டுவுல்ஃப் எலும்பை நொறுக்குவதை விட்டுவிட்டுக் கறையானை நக்கித் தின்று வாழ்கிறது. 'கழுதைப்புலி' என்ற பெயரைக் கேட்டு அதை யாரும் ஊகிக்க முடியாது.

இரண்டாவது சோடி நீர்யானையும் கடற்பசுவும். இந்த இரண்டு பெயர்களையும் இடம் மாற்றி வைத்திருந்தால் சரியாகவே இருந்திருக்கும். ஆவுளியா என்று கடற்கரையில் வழங்கும் கடற்பசுவுக்கு இன்று உயிரோடிருக்கும் நெருங்கிய தரைச் சொந்தங்கள் யானையும், முயலளவே இருக்கும் ஹைராக்ஸும். நீர்யானையோ பசு, பன்றி, மான் இருக்கும் இரட்டைக் குளம்பி வரிசையில் அடங்கும். அதற்கு மிக நெருங்கிய உயிருள்ள உறவு திமிங்கிலம்.

உடம்பிலேயே சான்று இருக்கிறது. யானையின் தந்தம் மேல்தாடை வெட்டுப்பல். ஆண் கடற்பசுவின் சிறு தந்தமும் மேல்தாடை வெட்டுப்பல்தான். நீர்யானை வாயைத் திறக்கும்போது நாம் கண்டு மிரளும் பெரிய வளைந்த பற்கள் கீழ்த்தாடைக் கோரைப்பற்கள். வேறு பல், வேறு வரலாறு. பெண் யானைக்கு மடி இரண்டு முன்னங்கால்களுக்கு நடுவே, ஒரு சோடி. கடற்பசுவுக்கும் துடுப்புக் கையின் அக்குளில், ஒரு சோடி. பசுவைப் போலப் பின்னங்கால் பக்கம் இல்லை. பசு என்ற பெயர் வந்தது கடற்புல்லை மேய்வதால் மட்டுமே. அந்த அளவில் பெயர் நேர்மையானதுதான்: என்ன செய்கிறது என்று சொல்கிறது, யார் என்று சொல்லவில்லை. மேய்வதற்குக் கடற்புல் படுகை வேண்டும் என்பதால்தான் பாக் விரிகுடாவில் 448 சதுர கிலோமீட்டரை 2022இல் தமிழ்நாடு அரசு கடற்பசுப் பாதுகாப்பகமாக அறிவித்தபோது, விலங்கோடு சேர்த்து அந்தப் புல்வெளியும் காப்புக்குள் வந்தது.

திமிங்கிலம் எப்படி இரட்டைக் குளம்பி வரிசைக்குள் வந்தது என்ற சந்தேகம் எழலாம். நான்கு கால்களோடு இருந்த ஆதித் திமிங்கிலங்களின் புதைபடிவங்கள் பாகிஸ்தானில் கிடைத்தன. 2001இல் அவற்றின் கணுக்கால் எலும்பு விவரிக்கப்பட்டது. அந்த எலும்பு மேலும் கீழும் கப்பி போலக் குழிந்திருந்தது. ஆட்டின் பின்னங்கால் கணுவில் இருப்பதும் அதே வடிவம். இந்த இரட்டைக் கப்பி வேறு எந்தப் பாலூட்டி வரிசையிலும் இல்லை.

மூன்றாவது சோடி முள்ளம்பன்றியும் முள்ளெலியும். பன்றி என்று அழைக்கப்படும் முள்ளம்பன்றிதான் எலி வரிசை. எலி என்று அழைக்கப்படும் முள்ளெலி எலியே அல்ல. சோதிக்க வாயைப் பார்த்தால் போதும். கொறிணிகளுக்கு, அதாவது எலி வரிசைக்கு, மேலே ஒரு சோடி, கீழே ஒரு சோடி உளிப்பல். முன்பக்கம் மட்டும் கெட்டியான எனாமல், பல இனங்களில் மஞ்சளோ ஆரஞ்சோ ஏறிய நிறம். பின்பக்கம் மென்மையாக இருப்பதால் தேயத் தேய விளிம்பு தானே கூராகும். வாழ்நாள் முழுக்க வளர்ந்துகொண்டே இருக்கும். உளிப்பல்லுக்கும் கடைவாய்ப்பல்லுக்கும் நடுவே பெரிய வெற்றிடம். முள்ளம்பன்றியிடம் இவ்வளவும் உண்டு. முள்ளெலியிடம் வெற்றிடம் இல்லை. வரிசையாகச் சிறு கூர்ப்பற்கள், பூச்சி ஓட்டை உடைப்பதற்கு.

முள்ளெலிக்குப் பக்கத்து உறவு மூஞ்சூறு. வீட்டில் சுவரோரம் 'கீச் கீச்' என்று ஓடும் இதையும் எலி என்று நினைத்து எலிப்பொறி வைப்பவர்கள் ஏராளம். கூர்ந்து நீண்டு ஆடிக்கொண்டே இருக்கும் மூக்கு, கடுகளவு கண், விலாவில் உள்ள சுரப்பியிலிருந்து வரும் கஸ்தூரி வாடை இவை அதைக் காட்டிக் கொடுக்கும். குட்டிகளோடு போகும்போது ஒவ்வொன்றும் முன்னால் போவதன் வாலடியைக் கவ்விக்கொண்டு வரிசையாக நகரும். எலி அப்படிச் செய்யாது. மூஞ்சூறு முக்கியமாகத் தின்பது கரப்பானும் பூச்சியும். அதைக் கொன்றால் அரிசி மூட்டையில் ஓட்டை விழுவது நிற்காது, ஓட்டை போட்டது வேறு ஆள்.

முயலும் கொறிணி அல்ல என்பதை இங்கேயே சொல்லிவிடலாம். மேல் உளிப்பற்களுக்குப் பின்னால் இன்னொரு குட்டிச் சோடி ஒளிந்திருக்கும். அதனால் தனி வரிசை. தமிழில் முயல் என்ற ஒரே சொல் இரண்டு விலங்குக்குச் சேர்கிறது. நம் காட்டில் இருப்பது தரையில் படுக்கும் காட்டுமுயல். குட்டி கண் திறந்து, மயிரோடு பிறக்கும். கூண்டில் வளர்ப்பது வளை தோண்டும் குழிமுயல். குட்டி கண் மூடி, வெறுந்தோலோடு பிறக்கும். வளர்ப்பு முயலைக் காட்டில் விட்டால் பிழைத்துக்கொள்ளும் என்று நினைப்பது இந்தப் பெயர்க் குழப்பத்தின் விளைவு.

மூன்று சோடிகளையும் பார்த்த பிறகு ஒரு கைக்கணக்கு கிடைக்கிறது. பெயர் 'கடல்' என்றோ 'நீர்' என்றோ தொடங்கி, நமக்குப் பழகிய ஒற்றை விலங்கில் முடிந்தால் (நாய், பசு, குதிரை, சிங்கம், யானை, காகம், கோழி) பின்பாதி கிட்டத்தட்ட எப்போதும் பொய். கடற்குதிரை மீன், நீர்க்காகம் காக்கைக் குடும்பம் அல்ல, நீர்க்கோழி கோழி அல்ல. ஆனால் பின்பாதி ஒரு பெரும் கூட்டத்தின் பெயராக இருந்தால், அதாவது பாம்பு, ஆமை என்று வந்தால், அது மெய். கடற்பாம்பு உண்மையான பாம்பு, கடலாமை உண்மையான ஆமை. மீன் மட்டும் விதிவிலக்கு: நீரில் இருக்கும் எதற்கும் அதை ஒட்டிவிடுவார்கள். நட்சத்திர மீன் முட்தோலி, அதாவது முள்தோல் கொண்ட முதுகெலும்பில்லாக் கடலுயிர். பழந்தமிழில் மீன் என்றாலே விண்மீனையும் குறிக்கும் என்பதால், அந்தப் பெயர் 'நட்சத்திர நட்சத்திரம்' என்றும் ஆகிவிடுகிறது. மீனா, கடல்வாழ் பாலூட்டியா என்ற ஐயத்துக்கு வால் ஒன்றே போதும்: மீன் வால் செங்குத்தாக நின்று இடவலமாக ஆடும், ஓங்கில், திமிங்கிலம், கடற்பசு வால் படுக்கையாக இருந்து மேலும் கீழும் அடிக்கும். திமிங்கிலச் சுறாவின் வால் செங்குத்து, ஆகவே மீன்.

'காட்டு' என்று தொடங்கினால் நிலைமை நேர்மாறு; பின்பாதி பெரும்பாலும் மெய். காட்டுப்பன்றி வீட்டுப் பன்றியின் மூதாதை. காட்டுப்பூனை வீட்டுப் பூனையின் அதே பேரினம் (பேரினம் என்றால் மிக நெருங்கிய இனங்களின் தொகுதி). காட்டுக்கோழி கோழிதான். இந்த நம்பிக்கையில் காலை வைத்தால் காட்டெருமையில் வழுக்கும். நம் மலைக்காடுகளில் காட்டெருமை என்று சுட்டப்படும் கௌர் எருமைப் பேரினம் அல்ல. பசு, காளை இருக்கும் பேரினம். கொம்பு பக்கவாட்டில் கிளம்பி மேல்நோக்கி வளையும், தோளிலிருந்து முதுகின் பாதிவரை ஒரு மேடு ஓடும், முழங்காலுக்குக் கீழே வெள்ளைக் காலுறை போட்டது போலிருக்கும். எருமையின் கொம்போ பின்னோக்கிப் பிறை போலச் சாயும், மேற்பரப்பில் வரிவரியாக மடிப்பு இருக்கும். உண்மையான காட்டெருமை வேறு இனம்; இந்தியாவில் அது முக்கியமாக அசாமில் எஞ்சியிருக்கிறது. காட்டுமாடு என்றால் குழப்பமில்லை. ஆமா என்ற பழஞ்சொல் இன்னும் கச்சிதம்: ஆ என்றால் பசு, மா என்றால் விலங்கு.

மான், ஆடு என்ற சொற்கள் வேறு விதமாக ஏமாற்றும். மான் என்பது குடும்பப் பெயர் அல்ல, தோற்றப் பெயர். மெல்லிய கால், பிளந்த குளம்பு, பாய்ச்சல் இருந்தால் மான். அதற்குள் மூன்று குடும்பங்கள் அடைபட்டிருக்கின்றன. பிரிக்கும் கருவி கொம்பு. கிளை விட்ட கொம்பாக இருந்து ஆண்டுதோறும் விழுந்து முளைத்தால் அது உண்மையான மான் குடும்பம்: புள்ளிமான், கடமான். வளரும் காலத்தில் அந்தக் கொம்பின் மேல் மயிரடர்ந்த தோல் போர்த்தியிருக்கும். பிறகு உரிந்து வெற்று எலும்பாக நிற்கும். கிளையில்லாமல், விழாமல், எலும்புக் குருத்தின் மேல் நகம் போன்ற உறை மாட்டியிருந்தால் அது மாட்டுக் குடும்பம்: புல்வாய், நாற்கொம்பு மான். திருகிய கொம்போடு வெட்டவெளியில் பாயும் புல்வாய் புள்ளிமானைவிட ஆட்டுக்கு நெருக்கம். காட்டில் உதிர்ந்து கிடக்கும் முழுக்கொம்பு என்றால் அது புள்ளிமானுடையதோ கடமானுடையதோ ஆகலாம், புல்வாயினுடையது ஆகாது. கொம்போடு மண்டையோடும் ஒட்டியிருந்தால் மட்டுமே புல்வாய் பற்றி யோசிக்க வேண்டும்.

கேளையாடு பேரில் ஆடு, ஆளில் மான்: சிறு கொம்பு, ஆனால் விழுந்து முளைப்பது. ஆணுக்கு மேலுதட்டுக்கு வெளியே கோரைப்பல்லும் தெரியும். சருகுமான் இரண்டு குடும்பத்திலும் சேராது. சுமார் 3 கிலோ எடை, கொம்பே கிடையாது, இரைப்பை அறைகளும் மாட்டைப் போல் நான்காகத் தெளிவாகப் பிரிந்திருக்காது.

வரையாடு விஷயத்தில் தமிழ் ஜெயித்திருக்கிறது. ஆங்கிலேயர் முதலில் அதை 'நீலகிரி ஐபெக்ஸ்' என்றார்கள். பிறகு இமயமலைத் தார் என்ற மலையாட்டோடு ஒரே பேரினத்தில் வைத்தார்கள். 2005இல் வந்த மரபணு ஆய்வு, இமயத் தார் வெள்ளாட்டுப் பக்கமும், வரையாடு செம்மறிப் பக்கமும் நிற்பதைக் காட்டியது. வரையாட்டுக்கு நீல்கிரிட்ராகஸ் என்று தனிப் பேரினம் வந்தது. தமிழில் ஆடு என்ற சொல் வெள்ளாட்டுக்கும் செம்மறிக்கும் பொது. ஆய்வு எந்தப் பக்கம் சாய்ந்தாலும் பெயருக்குச் சேதமில்லை. சில நேரம் துல்லியம் இல்லாத சொல்லே சரியான சொல்.

சிலர் இனப்பெயர் என்று நினைப்பது ஆண் பெயராகவோ இளமைப் பெயராகவோ இருக்கும். தொல்காப்பிய மரபியல் பார்ப்பு, பறழ், குட்டி, குருளை, கன்று என்று தொடங்கி 9 இளமைப் பெயர்களைச் சொல்கிறது. ஆண், பெண்ணுக்கும் தனித்தனிப் பட்டியல் உண்டு. கலை என்பது அதில் ஆணுக்குரிய பெயர். எனவே 'புள்ளிமான், கலைமான், புல்வாய்' என்று மூன்றையும் மூன்று இனமாக எண்ணினால் கணக்கு தப்பும். களிறும் பிடியும் இரண்டு இன யானை ஆகாததுபோலத்தான்.

இனி, மொழிபெயர்ப்பால் விளைந்த குழப்பம். 2022 செப்டம்பரில் நமீபியாவிலிருந்து 8 சீட்டாக்கள் குனோ தேசியப் பூங்காவுக்கு வந்தபோது செய்திகளில் ஒரு பக்கம் சிறுத்தை, ஒரு பக்கம் சிவிங்கிப்புலி என்று வந்தது. சிறுத்தை இந்தியாவில் ஒருபோதும் அழியவில்லை. 1952இல் அழிந்ததாக அறிவிக்கப்பட்டது சிவிங்கி, அதாவது சீட்டா. 'அழிந்த சிறுத்தை திரும்பி வந்தது' என்று எழுதினால், ஊரோரம் சிறுத்தை நடமாடும் இடங்களில் படிப்பவர் தலையைச் சொறிவார். சிறுத்தையின் உடம்பில் இருப்பது பூவிதழ் போல் வட்டமாகச் சேர்ந்த புள்ளிக்கூட்டம்; சிவிங்கியின் உடம்பில் தனித்தனியாக மை தொட்டு வைத்தது போன்ற முழுப்புள்ளி. சிவிங்கிக்குக் கண்ணின் உள்மூலையிலிருந்து வாயோரம் வரை கண்ணீர் வழிந்தது போல் கருங்கோடு உண்டு, சிறுத்தைக்கு இல்லை. ஒட்டகச்சிவிங்கி என்ற பெயரே சிவிங்கி புள்ளிகொண்ட பூனை என்பதற்குச் சாட்சி: ஒட்டகம் போல் கழுத்து, சிவிங்கி போல் புள்ளி. அதன் அறிவியல் பெயரான கேமிலோபார்டாலிஸும் ஒட்டகத்தையும் புள்ளிச் சிறுத்தையையும் சேர்த்துக் கட்டியதுதான். கருஞ்சிறுத்தை தனி இனமா என்றால், இல்லை. சிறுத்தையிலேயே கருமை கூடிய குட்டி. சாய்ந்த வெயிலில் பார்த்தால் கறுப்புக்குள் புள்ளிகள் தெரியும்.

நரியிலும் இதே கதி. களத்தில் பலர் நரி என்பது நாயளவில் கொஞ்சம் குறைந்த, 8 முதல் 11 கிலோ இருக்கும் விலங்கை. குள்ளநரி என்பது 2 முதல் 4 கிலோவே இருக்கும் சின்னதை. பெயருக்கேற்ற வழக்கு. மொழிபெயர்ப்பில் 'ஃபாக்ஸ்' நரியாகவும் 'ஜாக்கல்' குள்ளநரியாகவும் ஆனபோது பெரியது குள்ளமாகிவிட்டது. எதைச் சொல்கிறார்கள் என்று தெரியாதபோது எடையையும் வாலையும் கேளுங்கள். சின்னதன் வால் உடல் நீளத்தில் பாதிக்கு மேல், அடர்ந்து, நுனி கறுத்திருக்கும். பெரியதன் வால் குட்டை. படம் தெளிவாக இருந்தால் கண்மணியைப் பாருங்கள்: சின்னதற்குப் பூனையைப் போல் செங்குத்துக் கோடு, பெரியதற்கு வட்டம்.

இதுவரை சொன்னவற்றில் பெயர் தப்பினால் பெரிய நஷ்டம் இல்லை. பாம்பில் அப்படியல்ல. கண்ணாடி விரியன், சுருட்டை விரியன், கட்டுவிரியன் என்று மூன்றையும் அடுக்கும்போது மூன்றும் ஒரே கூட்டம் போலக் கேட்கிறது. முதல் இரண்டும் விரியன் குடும்பம். கட்டுவிரியன் நாகப்பாம்பின் குடும்பம். இதைக் கட்டுவரியன் என்றும் எழுதுவதுண்டு. உடம்பில் கட்டுக்கட்டாக வரி ஓடுவதால் அந்த வடிவமே பொருத்தம், விரியன் என்ற பொய்யும் அதில் இல்லை.

வேறுபாடு கடித்த பிறகு தெரியும். கண்ணாடி விரியனின் நச்சுப்பல் நீளமானது, மடங்கி விரிவது. கடிவாய் எரியும், வீங்கும், இரத்தம் உறையாமல் கசியும், சிறுநீரகம் பாதிக்கும். கட்டுவரியனின் நச்சுப்பல் குட்டை, மடங்காது. இரவில் தரையில் தூங்குபவரைக் கடித்தால் பலருக்கு விழிப்பே வராது. வீக்கம் இருக்காது, வலி இருக்காது, பல்தடம்கூடச் சரியாகத் தெரியாது. விடியும்போது வயிற்றுவலி, இமை தூக்க முடியாமை, விழுங்க முடியாமை என்று தொடங்கி மூச்சுத் தசை வரை செயலிழக்கும். 'விரியன் கடித்தால் வீங்கும், இது வீங்கவில்லை, ஆகவே நஞ்சில்லை' என்று காத்திருப்பதுதான் உயிரைக் குடிக்கிறது. இந்தியாவில் கிடைக்கும் நச்சுமுறி மருந்து நாகம், கட்டுவரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்குக்கும் சேர்த்தே தயாரிக்கப்படுவது. அதனால் பெயர் தெரிந்தாக வேண்டும் என்று பாம்பைத் தேடிப் பிடிக்கத் தேவையில்லை. கடிபட்டவரை அசைக்காமல் மருத்துவமனைக்குக் கொண்டுபோனால் போதும்.

கட்டுவரியன் போலவே வரி கொண்ட நஞ்சில்லாப் பாம்புகளும் உண்டு. ஓநாய்ப் பாம்பு அதில் முதன்மை. ஓநாய்ப் பாம்பில் வரிகள் கழுத்திலேயே தொடங்கி வாலை நோக்கி மங்கும். கட்டுவரியனில் தலையை அடுத்துக் கொஞ்ச தூரம் வரி இல்லாமலோ மங்கலாகவோ இருந்து, வாலை நோக்கித் தெளிவாகும். முதுகின் நடுவே ஓடும் செதில் வரிசை மட்டும் அறுகோணமாகப் பெருத்திருக்கும். இது படத்தில் பார்ப்பதற்கான அடையாளம், கையில் எடுத்துப் பார்ப்பதற்கல்ல. நஞ்சுள்ள நாகத்துக்கு நல்ல பாம்பு என்று பெயர் வைத்த மொழியில் முன்பாதியையும் எப்போதும் அப்படியே எடுத்துக்கொள்ள முடியாது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

பறவைகளில் ஒரே ஒரு பெயரைத் தொடுகிறேன்: கழுகு. பிணம் தின்னும் மொட்டைக் கழுத்துப் பறவையும், உயிரோடு இரை பிடிக்கும் பறவையும் இன்று இதே பெயரில் போகின்றன. 1990களிலிருந்து மாடுகளுக்குப் போட்ட டைக்ளோஃபெனாக் மருந்தால் கூட்டங்கூட்டமாக மடிந்தது முதலாவது. 2006இல் கால்நடைகளுக்கு அந்த மருந்து இந்தியாவில் தடைசெய்யப்பட்டது அதற்காகவே. 'கழுகைக் காப்போம்' என்று மட்டும் எழுதினால் வானில் வட்டமிடும் எல்லாவற்றையும் பார்த்து 'நிறைய இருக்கின்றனவே' என்பார்கள். பாறு என்றோ பாறுக் கழுகு என்றோ எழுதினால் எது என்று தெரியும்.

எழுதுபவருக்கும் மொழிபெயர்ப்பவருக்கும் நடைமுறையில் சொல்வதென்றால், ஆங்கிலப் பெயரைச் சொல்லுக்குச் சொல் மாற்றாதீர்கள். 'ஃப்ளையிங் ஃபாக்ஸ்' பறக்கும் நரி அல்ல, பழந்தின்னி வௌவால். 'மவுண்டன் லயன்' மலைச் சிங்கம் அல்ல, பூமா. 'ப்ரேரி டாக்' அணில் குடும்பம். எறும்புதின்னி என்று எழுதும் முன் எந்தக் கண்டம் என்று பாருங்கள்: இங்கே அது செதில் போர்த்திய அழுங்கு, தென் அமெரிக்காவில் மயிரடர்ந்த, தேவாங்கோடு குழப்பப்படும் ஸ்லாத்துக்கு உறவான வேறு விலங்கு. ஒரே உணவு ஒரே மாதிரி நீண்ட நாக்கை இரண்டு இடத்திலும் தனித்தனியாக உண்டாக்கியிருக்கிறது.

முதல் முறை குறிப்பிடும்போது தமிழ்ப் பெயரோடு அறிவியல் பெயரையும் ஒருமுறை எழுதிவிட்டால் மற்ற இடங்களில் வழக்குப் பெயரே போதும். அந்த இரட்டைப் பெயரில் முதற்சொல் பேரினம், இரண்டாவது சொல் இனத்துக்கானது. விலங்குகளுக்கு இந்த முறை ஸ்வீடன் அறிஞர் லின்னேயஸின் 'சிஸ்டமா நேச்சுரே' நூலுக்கு 1758இல் வெளிவந்த பத்தாம் பதிப்பிலிருந்து கணக்கில் வருகிறது. ஆய்வு முன்னேறும்போது பேரினம் மாறலாம், இரண்டாவது சொல் பெரும்பாலும் நிலைக்கும். ஹெமிட்ராகஸ் ஹைலோக்ரியஸ் என்று பழைய நூலில் இருப்பதும், நீல்கிரிட்ராகஸ் ஹைலோக்ரியஸ் என்று புதியதில் இருப்பதும் ஒரே வரையாடுதான். தேடும்போது இரண்டாவது சொல்லை வைத்துத் தேடுங்கள்.

அறிவியல் பெயருக்குப் பொருள் பார்த்து அதை நம்பத் தொடங்கினால் பழைய குழியிலேயே விழுவோம். மரநாயின் அறிவியல் பெயர் பாரடாக்சுரஸ் ஹெர்மாஃப்ரோடைடஸ். இருபால் உயிரி என்று பொருள்படும் அந்தச் சொல் ஒட்டிக்கொண்டது, ஆணுக்கும் பெண்ணுக்கும் வாலடியில் விரை போலத் தோன்றும் வாசனைச் சுரப்பி இருப்பதால். மரநாயில் ஆண் ஆணாகவும் பெண் பெண்ணாகவும்தான் இருக்கின்றன.